ராஃபெர்ட்டியின் கையெழுத்து

—கோர்ட்டுல ஏறி நின்னு, எனக்கு எழுதப் படிக்கத் தெரியாதுன்னு சொல்லுங்கப்பா. அவ்வளவுதான். வேற எதுவும் கேக்கல.

—மொதல்ல கதவைச் சாத்து.

—சாத்தித்தான் இருக்கு.

—ஜன்னல்?

—ஜன்னலுக்கு வெளியில ஒரு ஆடு நிக்குது. அது கேட்டா கேட்டுட்டுப் போகட்டும்.

—அது டுகன் வீட்டு ஆடு, தாயி. அந்த வீட்டுக்குப் போன சங்கதி சாயங்காலத்துக்குள்ள டிட்ராய்ட் வரைக்கும் போயிரும்.

—வெளையாடாதீங்க. கோர்ட்டு கூடுறதுக்கு இன்னும் கொஞ்ச நேரந்தான் இருக்கு.

—உங்கம்மா சாகக் கெடந்தப்ப உங்கிட்ட என்ன சொன்னா?

—அந்தப் பேச்சை மட்டும் உங்கப்பாகிட்ட எடுக்காதேன்னாங்க. அந்த மனுசன் எதையும் தாங்குவாரு, இதைத் தாங்க மாட்டாருன்னாங்க.

—அப்ப ஏன் எடுக்குற?

—அம்மா சொன்னப்ப நான் சின்னப் புள்ள. ரயிலும் அப்ப நம்ம ரயிலா இருந்துச்சு. இப்ப ரெண்டும் இல்ல.

—ரயில் இன்னும் நம்ம ரயில்தான். டாசன் பள்ளத்தாக்கு ரயில்வேன்னு எஞ்சின் மேலயே எழுதியிருக்கு.

—எழுதியிருக்குன்னு உங்களுக்கு யார் சொன்னா?

—பாத்தியா? இதுக்குத்தான் பொண்ணைப் படிக்க வெக்காதேன்னான் எங்கண்ணன்.

—மன்னிச்சுக்கங்க. கோவத்துல வந்துருச்சு.

—உனக்குக் கோவம் எப்ப வராம இருந்துச்சு? ஞானஸ்நானத்துக்குத் தண்ணி ஊத்தினப்பவே பாதிரியாரை மொறச்சவ நீ.

—அப்பா, ஒரு தடவ நான் சொல்றதைக் குறுக்க பேசாம முழுசாக் கேளுங்க. இந்தப் பாதையை அடமானம் வெச்சுக் கடன் வாங்கினாங்க. வட்டி கட்டப் பெட்டியில பணம் இருந்துச்சு. இருந்தும் கட்டல. ஏன்? நம்ம டைரக்டருங்கள்ல பாதிப் பேரு ஹார்வுட் கம்பெனியோட கையாளுங்க. வட்டி நின்னாத்தான அடமானம் மூழ்கும்? மூழ்கினாத்தான ஏலத்துக்கு வரும்? வந்தா ஹார்வுட் அப்படியே அள்ளித் தன்னோட பெரிய பாதையில சேத்துக்குவான். பங்கு வெச்சிருக்குறவன் கையில வெறுங்காகிதம் மிஞ்சும்.

—இதையெல்லாம்தான் போன வாரமே நம்ம ப்ரூயிட் வக்கீல் ஜட்ஜுகிட்ட சொன்னாரே.

—சொன்னாரு. அதுக்கு ஹார்வுட் வக்கீல் என்ன சொன்னான்?

—அந்த சிங்க்ளேரா? சளி புடிச்சவன் மாதிரி மூக்காலயே என்னமோ பேசினான்.

—பங்குதாரருங்க அத்தனை பேரும் பாதையை ஹார்வுட்டோட இணைக்கச் சம்மதம் எழுதிக் குடுத்துட்டாங்க, வழக்குப் போட்ட தாடியஸ் ராஃபெர்ட்டியே குடுத்துட்டாருன்னு சொல்லி ஒரு தாளை நீட்டினான். ஜட்ஜு உங்களைப் பாத்து, இது உன் கையெழுத்தான்னு கேட்டாரு. நீங்க என்ன சொன்னீங்க?

—ஒண்ணும் சொல்லல.

—அதேதான். தொப்பியைக் கையில புடிச்சுக்கிட்டு, மாதா சிலையைப் பாக்குற மாதிரி அந்தத் தாளையே பாத்துக்கிட்டு நின்னீங்க. இன்னைக்குப் பதில் சொல்லலேன்னா அது உன் கையெழுத்துதான்னு எடுத்துக்குவேன்னுட்டாரு. அதோட வழக்கு செத்துரும். கோர்ட்டு வாசப்படியிலயே நின்னு ஏலம் கூவிருவாங்க. எழுதத் தெரியாதவர் எப்படிக் கையெழுத்துப் போடுவாரு? ஒரே ஒரு வார்த்தை. அது பொய்த்தாள்னு ஆயிட்டா, மத்தவங்ககிட்ட வாங்கின தாளையும் ஜட்ஜு தோண்டிப் பாப்பாரு.

—நான் மேஸ்திரி, டீலியா.

—தெரியும்.

—எழுதப் படிக்கத் தெரியாதவனைக் கம்பெனி மேஸ்திரியா வெச்சுக்காது. ஆள் கணக்கு எழுதணும். பாதை எங்க பழுதுன்னு எழுதணும்.

—எழுதினது நான். எனக்கு முன்னால அம்மா.

—மெதுவாப் பேசு!

—ஆடு போயிருச்சுப்பா.

—பாதை போடுற என் கேங்குல இருக்குறவன் ஒவ்வொருத்தனும் என் மூஞ்சியப் பாத்துத்தான் சம்மட்டியைத் தூக்குறான். நான் நில்லுன்னா நிக்கிறான். அவனுங்க முன்னாடி ஏறி நின்னு, அய்யா நான் ஒரு தற்குறி, இத்தனை காலமா வெறுங்கண்ணாடியை மாட்டிக்கிட்டுப் படிக்கிற மாதிரி உங்களை ஏமாத்திட்டேன்னு சொல்லவா? அதுக்கு இந்தப் பங்கு மூழ்கிப் போகட்டும்.

—உங்க பங்கு மட்டுமா? இந்தப் பள்ளத்தாக்குல இருக்குற அத்தனை கேங்குக்காரன் பங்கும் சேந்து மூழ்கும். கூலி குடுக்கக் கம்பெனிகிட்டக் காசில்லாத குளிர்காலத்துல, காசுக்குப் பதிலா பங்கை வாங்கிக்கிட்டு மண்ணு வெட்டினீங்களே, அந்தப் பங்கு.

—வெட்டினோம். மண்ணா அது? உறைஞ்சு இரும்பாக் கெடந்துச்சு. நெருப்பு மூட்டி எளக்கி எளக்கி வெட்டினோம். கூடாரத்துல படுக்கும்போது ஒருத்தனை ஒருத்தன் முதலாளின்னு கூப்புட்டுக்குவோம். முதலாளி, அந்தக் கம்பளியைக் கொஞ்சம் இந்தப் பக்கம் இழுங்க. முதலாளி, உங்க காலு என் மூக்குல இருக்கு. அதுலயே வயிறு ரொம்பிரும்.

—அந்த முதலாளிங்களுக்காகத்தான் கேக்குறேன். நேத்து சிங்க்ளேர் தெருவுல என்னை நிறுத்திப் பேசினான், தெரியுமா?

—என்னவாம் அவனுக்கு?

—மிஸ் ராஃபெர்ட்டி, எங்க ஆபீசுல தட்டச்சு அடிக்க ஒரு பொண்ணு தேவைப்படுது, வர்றியான்னான்.

—நீ என்ன சொன்ன?

—இந்த வழக்கு முடிஞ்சதும் உங்களுக்கே ஒரு வேலை தேவைப்படும், அந்த எடத்தைக் காலியா வெச்சுக்கங்கன்னேன்.

—என் ரத்தம்!

—உங்க ரத்தந்தான். அது இப்ப ஏன் கோர்ட்டுல உறைஞ்சு போச்சு?

—மேஸ்திரி! உள்ள இருக்கீங்களா? கையால அழுத்தி ஓட்டுற டிராலியைத் தண்டவாளத்துல ஏத்தி வெச்சுட்டேன்!

—டுகன் வந்துட்டான். வாயை மூடு.

—வாங்க டுகன் மாமா.

—என்ன பாப்பா, கறுப்புக் கவுன்? யாருக்காவது சாவா, இல்ல சிங்க்ளேருக்குத்தானா? வழக்குப் போட்டவனுக்கு ரயில்ல எடம் கெடையாதுன்னுட்டான் ஸ்டேஷன் மாஸ்டர். ரயில்லதான எடமில்ல, தண்டவாளத்துல இருக்குல்ல, அது நாங்க போட்டதுன்னுட்டு வந்துட்டேன். சத்தியமா சொல்றேன், காத்துகூட நம்ம பக்கந்தான் இன்னைக்கு. ஏன் மேஸ்திரி மூஞ்சி அப்படி இருக்கு?

—பல்லு வலி.

—மாமா, ஒண்ணு சொல்லுங்க. சம்பள வண்டி வந்த அன்னைக்கு என்ன நடந்துச்சு?

—அதை எதுக்கு பாப்பா இப்பக் கெளறுற?

—சொல்லுங்க.

—எப்பவும் நடக்குறதுதான். வண்டி வந்து நிக்கும். இந்தக் கதவுல ஏறணும். மேசைக்கு முன்னால குனிஞ்சு கையெழுத்துப் போடணும், காசை வாங்கணும், அந்தக் கதவுல எறங்கணும். ஒரு நிமிசம் நின்னா பின்னால இருக்குறவன் முட்டித் தள்ளுவான். மேசைக்கிட்ட நின்னு யோசிக்கிறவனைப் பொட்டச்சிம்பானுங்க. மன்னிச்சுக்க பாப்பா. அன்னைக்கு ஒரு தாளுக்குப் பதிலா ரெண்டு தாள் இருந்துச்சு. ரெண்டுலயும் போட்டோம். ரெண்டாவதுல பங்கைத் தூக்கி ஹார்வுட் கையில குடுத்துருக்கோம்னு நீ வந்து சொன்னப்பத்தான் தெரியும்.

—உங்களுக்குத்தான் படிக்கத் தெரியுமே மாமா.

—தெரியும். செத்தவங்க பேரு, சாராய வெலை, ரெண்டையும் நல்லாப் படிப்பேன்.

—எங்கப்பா அதுல போட்டாரா?

—மேஸ்திரியா? கடைசியா ஏறினாரு. ஆள் கணக்குத் தாளை எப்பவும் போல வீட்டுலயே கையெழுத்துப் போட்டுக் கொண்டாந்திருந்தாரு. குமாஸ்தா ரெண்டாவது தாளை நீட்டினான். இவரு கண்ணாடியை எடுத்து மாட்டிக்கிட்டு, மேலயும் கீழயும் பாத்துட்டு, வீட்டுக்குக் கொண்டு போயி நிதானமாப் படிச்சுட்டுத் தர்றேன்னாரு. குமாஸ்தா மூஞ்சியப் பாக்கணுமே! சத்தியமா சொல்றேன், படிக்கத் தெரிஞ்ச நாங்க அத்தனை பேரும் படிக்காமப் போட்டோம். படிக்கத் தெரியாத ஒரே ஆளு படிச்சுட்டுத் தர்றேன்னாரு!

—என்னடா சொன்ன?

—அய்யய்யோ.

—என்ன சொன்ன, ஓவென் டுகன்?

—வாய் தவறிருச்சு மேஸ்திரி.

—எவ்வளவு காலமாத் தெரியும்?

—அது வந்து... பாப்பா பொறக்குறதுக்கு முன்னால இருந்து.

—எத்தனை பேருக்கு?

—புதுசா வந்திருக்கானே போலந்துக்காரன், அவனுக்குத் தெரியாது. அவனுக்கு இன்னும் நம்ம பாஷையே தெரியாது.

—மாதாவே!

—கோவிச்சுக்காதீங்க. அந்தக் கண்ணாடி வெறுங்கண்ணாடின்னு அதை வித்த யாவாரியே சாராயக்கடையில சொல்லிட்டான். அப்புறம் ஒரு நாளு பத்திரிகையில கியோ கெழவி சாவுச் செய்தியப் பாத்துட்டு விழுந்து விழுந்து சிரிச்சீங்க. அந்தக் கெழவி மேல உங்களுக்கு அவ்வளவு கோவமான்னுதான் மொதல்ல நெனச்சோம்.

—அதான்டா மேல இருந்து ஆர்டர் வரும்போதெல்லாம் ஊருக்கே கேக்குற மாதிரிப் பேசிக்குவீங்களா?

—ஏண்டா, பாலத்துக்கிட்ட மெதுவாப் போகணுமாமேன்னு நான் ஒருத்தனைக் கேப்பேன். ஆமா, தண்ணி ஏறுதாமேம்பான் அவன். நீங்க பக்கத்துல நின்னு பைப்பு பத்த வெச்சுக்கிட்டு இருப்பீங்க. இப்படிச் செய்யணும்னு யாரும் யாருக்கும் சொல்லிக்கல மேஸ்திரி. பழகிருச்சு. காகிதம் படிக்க எவன் வேணா கெடைப்பான். உங்களுக்குக் கீழ வேலை செஞ்சவன்னு சொல்லிக்க வேற மேஸ்திரிக்கு நாங்க எங்க போறது?

—ஓவென், வெளிய போயி டிராலியைப் பாத்துக்க.

—டிராலி எங்க போகப் போகுது?

—போயிப் பாத்துக்கடா.

—சரி சரி. பாத்துக்கிறேன்.

—கேட்டீங்களாப்பா? யாருக்குத் தெரியக்கூடாதுன்னு பயந்தீங்களோ, அத்தனை பேருக்கும் தெரிஞ்சிருக்கு. இனிமே என்ன தடை?

—சொல்ல மாட்டேன், டீலியா.

—இன்னுமா?

—தற்குறின்னு ஊரு சொல்லுமேன்னு நெனச்சா அன்னைக்கு வாயை மூடிக்கிட்டு நின்னேன்? அது வேற. எனக்கு எழுத்து தெரியாது. ஆனா அந்தத் தாள்ல இருந்த கையெழுத்தைத் தெரியும். உங்கம்மா போனதுல இருந்து மாசா மாசம் இந்த மேசையில உக்காந்து, நாக்கைத் துருத்திக்கிட்டு நீ எழுதுறதைப் பாத்தவன் நான். கடைசி எழுத்துல ஒரு வாலை இழுத்து மேல தூக்கி விடுவ. நாய்க்குட்டி வாலாட்டம். சிங்க்ளேர் நீட்டின தாள்ல அந்த வாலு இருந்துச்சு.

—அப்பா...

—வெளியூருக்குப் படிக்கப் போனப்புறமும் லீவுக்கு வரும்போதெல்லாம் ஒரு கட்டுத் தாள்ல கையெழுத்துப் போட்டு வெச்சுட்டுப் போவ. அதுல ஒவ்வொண்ணா எடுத்துக் குடுப்பேன். அந்தக் கட்டுக்குள்ள இதையும் சொருகிட்டானுங்க, நீ பாக்காமப் போட்டுட்டன்னு நெனச்சேன். வக்கீலுக்குப் படிச்ச பொண்ணு, அப்பன் பங்கை அவளே எழுதிக் குடுத்துட்டாடான்னு ஊரு சிரிக்கும். இன்னைக்கு அதே கோர்ட்டுல நீ வக்கீலாப் பிரமாணம் எடுக்கணும். இந்த ஜில்லாவுல ஒரு பொம்பளை எடுக்குற மொதப் பிரமாணம். நான் வாயைத் தொறந்தா, அந்த வாலு யாருதுன்னு தேடுவானுங்க. அதான் மூடிக்கிட்டேன். காசுக்குப் பங்கை வித்த கெழவன்னு என்னைத் துப்பிட்டுப் போகட்டும்.

—நீங்க பயந்துட்டீங்கன்னு நெனச்சு இந்த வாரம் பூரா மனசுக்குள்ள உங்களைத் திட்டிக்கிட்டே இருந்தேன்.

—மனசுக்குள்ளயா? எனக்கு நல்லாக் கேட்டுச்சு.

—அது நான் போட்டதில்லப்பா.

—என்னது?

—நான் போடல. சட்டம் படிக்கப் போனதுல இருந்து மளிகைக்கடைச் சீட்டைக்கூடத் திருப்பிப் பாக்குறவ நான். கட்டுல இருந்த ஒவ்வொரு தாளையும் படிச்சுட்டுத்தான் போட்டேன். அது என் கை மாதிரி இருக்கு, ஆனா என் கை இல்ல. வாலு சரியாத்தான் இருக்கு. பயந்து பயந்து இழுத்திருக்கான். நான் எதையும் பயந்து இழுக்குறதில்ல.

—அப்ப யாரு?

—படிச்சுட்டுத் தர்றேன்னு வாங்கிட்டு வந்தீங்களே, அந்தத் தாளை என்ன பண்ணீங்க?

—அடுப்புப் பத்த வெச்சேன்.

—அவங்க காத்துக் காத்துப் பாத்திருக்காங்க. நீங்க திருப்பித் தரல. ஆபீசுல இருந்த பழைய ஆள் கணக்குத் தாளை எடுத்து வெச்சு, அதைப் பாத்து எழுதிட்டாங்க. தாடியஸ் ராஃபெர்ட்டி கையெழுத்தைத் திருடுறோம்னு நெனச்சுத் திருடியிருக்காங்க. அப்படி ஒரு கையெழுத்து இந்த உலகத்துலயே கெடையாது! அவங்க திருடினது என்னோடதை.

—அட... அட பாவிகளா!

—சிரிக்கிறீங்களா, அழுவுறீங்களா?

—எனக்கே தெரியல. இல்லாத கையெழுத்தைப் போயித் திருடியிருக்கானுங்களே! அப்ப நீ போடல.

—போடல.

—நீ போடல. ஒரு வாரமா என் உருளைக்கெழங்கையெல்லாம் டுகன் ஆடுதான் தின்னுச்சு.

—இப்பச் சொல்லுவீங்கல்ல? எழுதத் தெரியாதுன்னு?

—சொல்றேன். கூரை அதிரச் சொல்றேன். தற்குறிதான்டா, என்னாங்குறன்னு அந்த மூக்கன் மூஞ்சிக்கு நேரா... இரு. இரு புள்ள. அப்ப அந்த ஆள் கணக்குத் தாள்ல இருக்குறது யாரு கைன்னு கேப்பானே?

—கேப்பான்.

—உங்கம்மான்னு சொல்லிர்றேன்.

—அம்மா செத்த தேதி கல்லறைக் கல்லுலயே வெட்டியிருக்கு. அதுக்கு அப்புறமும் மாசா மாசம் தாள் போயிருக்கு. கல்லறையில இருந்து எழுதி அனுப்பினாங்களா?

—டுகன்னு சொல்றேன்.

—டுகன் மாமா எழுத்து கோழி கிண்டின மாதிரி இருக்கும். சம்பளத் தாள்லயே பாத்திருப்பாங்க. அதோட, பொய்ச் சாட்சியைக் கூட்டிட்டு நான் எந்தக் கோர்ட்டுக்கும் போக மாட்டேன்.

—அப்ப உன்னைத்தான் சொல்லணும். சின்ன வயசுல இருந்து அப்பன் பேரைக் கம்பெனித் தாள்ல போட்டவ இவதான்னு. அதைக் கேட்டதுக்கப்புறம் ஜட்ஜு உனக்குப் பிரமாணம் பண்ணி வெப்பாரா? கள்ளக் கையெழுத்துக்காரி வக்கீலான்னு சிங்க்ளேர் எந்திரிச்சுக் கத்த மாட்டான்?

—கத்துவான். இன்னும் கொஞ்ச வருசம் போகட்டும்பாரு ஜட்ஜு. ஒருவேளை எப்பவுமே வேணாம்னும் சொல்லலாம்.

—அப்ப வேணாம். முடிஞ்சுது. பங்கு மூழ்கட்டும், பாதை மூழ்கட்டும், ஹார்வுட் தின்னுட்டு ஏப்பம் விடட்டும். உன்னைப் படிக்க அனுப்பி வெக்கிறதுக்காக நான் சாராயத்தை விட்டேன். ஐரிஷ்காரன் சாராயத்தை விட்டேன், தெரியுமா உனக்கு!

—தெரியும்.

—ஆன் ஆர்பர் காலேஜுல நீ வகுப்புக்குள்ள நுழையும்போதெல்லாம் பயலுங்க காலைத் தரையில தேச்சுத் தேச்சுக் கேலி பண்ணினானுங்கன்னு எழுதின. அதைப் படிச்சுக் காட்டின பாதிரியாரே பாதியில காகிதத்தை மடிச்சு வெச்சுட்டாரு. அத்தனையும் தாங்கிக்கிட்டு வாங்கின பட்டம். என் வம்சத்துலயே எவனும் வாங்காத பட்டம். அதை ஒரு தண்டவாளத்துக்காகத் தூக்கிக் குடுக்கணுமா?

—வெறும் தண்டவாளமா? நீங்களா சொல்றீங்க?

—நான்தான் சொல்றேன். போட்டவன் சொல்றேன்.

—அங்க என்னைப் பாத்துக் கேப்பானுங்க, உங்கப்பா என்ன பண்றாருன்னு. ஒரு ரயில்வேல பங்குதாரர்ம்பேன். சிரிப்பானுங்க. நான் சிரிக்க மாட்டேன். பொய் இல்லையே அது. அந்த ஒரு பதிலைப் புடிச்சுக்கிட்டுத்தான் அத்தனை பேருக்கு நடுவுல நிமிந்து உக்காந்தேன். அதை சிங்க்ளேர் கையில குடுத்துட்டு, அவன் கண்ணு முன்னாலயே வலது கையைத் தூக்கி, சட்டத்தைக் காப்பாத்துவேன்னு பிரமாணம் எடுக்கச் சொல்றீங்களா? எனக்கு அந்தப் பட்டம் கசந்துரும்பா.

—வாதாட நீ வேணும்ல? ப்ரூயிட் கெழவன் பாதியில தூங்கிருவான்.

—நான் எதிர்ல உக்காந்து மொறச்சுக்கிட்டே இருப்பேன். தூக்கம் வராது.

—தொப்பியை ஏன் எடுக்குற? நில்லு. இன்னும் பேசி முடிக்கல. நான் சம்மதம்னு சொல்லல.

—மேஸ்திரி! காத்து திரும்புது! வர்றீங்களா இல்லையா?

—இதோ வர்றேன் மாமா! ஒரு பக்கத்துக் கைப்பிடியை நானே அழுத்துறேன்.

—டீலியா, கதவைத் தொறக்காதே. அப்பன் பேச்சுக்குப் பதில் சொல்லிட்டுப் போ. நின்னு யோசிச்சு ஒரு முடிவெடுக்கலாம்னுதான கேக்குறேன்?

—நேத்தே ஜட்ஜு வீட்டுக்குப் போயிட்டு வந்துட்டேம்பா. பிரமாணம் எடுக்குறவங்கள்ல இருந்து என் பேரை அடிச்சுட்டு, சாட்சி சொல்றவங்கள்ல ரெண்டாவதா எழுதிக்கிட்டாரு. அந்தக் கை என்னுதுன்னு இன்னைக்குச் சொல்லத்தான் போறேன், நீங்க வந்தாலும் வராட்டியும். உங்களைக் கேட்டது வழக்குக்காக இல்ல. உங்களுக்கு எழுதத் தெரியாதுங்கிறதை உங்க பொண்ணு வாயால ஊரு கேக்குறதுக்கு முன்னால, தாடியஸ் ராஃபெர்ட்டி வாயாலயே கேக்கட்டும்னு, மொத எடத்தை உங்களுக்கு விட்டு வெச்சிருக்கேன்.